கேற்றுக்கு வெளியே வளர்ந்த ஊர்

திருகோணமலைக்கு வருகிறவர்களில் நிறையப் பேர் எங்கள் டவுனைப் பார்க்காமலே திரும்பிப் போகிறார்கள். வான் பிடித்து வருவார்கள், கோணேசர் கோயிலுக்குப் போய் இராவணன் வெட்டு என்கிற மலைப்பிளவை எட்டிப் பார்ப்பார்கள், கன்னியா வெந்நீர்க் கிணற்றில் ஒரு வாளி அள்ளித் தலையில் ஊற்றுவார்கள், அப்புறம் நிலாவெளிக்கோ உப்புவெளிக்கோ போய்க் கடலில் இறங்கிவிட்டு அடுத்த நாளே புறப்பட்டுவிடுவார்கள். கோயிலுக்கும் நிலாவெளிக்கும் நடுவில் வான் ஜன்னலுக்கு வெளியே ஓடி மறைகிற அந்த நெருக்கமான தெருக்கள்தான் நான் பிறந்து வளர்ந்த இடம். அதைப் பற்றி எழுத வேண்டும் என்று நெடுநாளாக நினைத்திருந்தேன். கொஞ்சம் நீளமாகத்தான் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன், அது புரியாவிட்டால் மற்றது எதுவும் புரியாது. எங்கள் டவுன் இரண்டு தண்ணீருக்கு நடுவில் கிடக்கிற ஒடுக்கமான நிலம். கிழக்கே திறந்த கடல். கோட்டையும் கோயிலும் இருக்கிற மலைமுனை அந்தக் கடலுக்குள் நீட்டிக்கொண்டு நிற்பதால் அதற்கு வடக்கே ஒரு குடா, தெற்கே ஒரு குடா. வடக்கே இருப்பது பேக் பே, தெற்கே இருப்பது டச்சு பே. மேற்குப் பக்கம் திரும்பினால் உட்துறைமுகம், மலைகள் சூழ, அலையே இல்லாமல், குளம் மாதிரிக் கிடக்கும். டச்சு பேயில் சூரியன் கடலிலிருந்து எழும்புவதைப் பார்த்தவர் அன்றைக்குப் பின்னேரம் ஆறுதலாக நடந்துபோய் உட்துறைமுக வீதியில் அதே சூரியன் தண்ணீருக்கு அப்பால் மலைகளுக்குப் பின்னால் இறங்குவதையும் பார்க்கலாம். கால்மணி நேர நடைதான். ஒரு பக்கம் இரைகிற கடல், மறுபக்கம் அசையாத கடல், இரண்டுக்கும் நடுவில் நாங்கள்.

அந்த அசையாத கடலுக்காகத்தான் உலகத்தில் பாதிப்பேர் இங்கே வந்தார்கள். ஏன் என்று பள்ளிக்கூடத்தில் யாரும் எங்களுக்கு ஒழுங்காகச் சொல்லித் தரவில்லை, உலகத்தின் சிறந்த இயற்கைத் துறைமுகங்களில் ஒன்று என்று ஒரு வரியை மனப்பாடம் செய்ததோடு சரி. காரணம் காற்று. பாய்க்கப்பல் காலத்தில் வாடை தொடங்கிவிட்டால் சென்னை, பாண்டிச்சேரி, நாகப்பட்டினம் என்று சோழமண்டலக் கரை முழுவதிலும் ஒரு போர்க்கப்பல் நம்பிக்கையோடு நங்கூரம் போட்டு நிற்க இடம் கிடையாது. அங்கே இருந்தவை எல்லாம் திறந்த கரைகள். புயலுக்குப் பயந்து பம்பாய் வரைக்கும் ஓட வேண்டும், திரும்பி வருவதற்குள் மாதங்கள் போய்விடும், அதற்குள் எதிரி என்ன வேண்டுமானாலும் செய்துவிடுவான். எந்தக் காற்றிலும் உள்ளே வந்து பாதுகாப்பாக நிற்கக்கூடிய ஆழமான துறைமுகம் வங்காள விரிகுடாவின் இந்தப் பக்கத்தில் திருமலை, அதாவது எங்கள் திருகோணமலைதான். இதைக் கையில் வைத்திருப்பவன் இந்தியாவின் கிழக்குக் கரையைக் கையில் வைத்திருக்கிறான் என்று ஐரோப்பியர் கணக்குப் போட்டார்கள். அந்தக் கணக்கின் விலையை எங்கள் ஊர் கட்டியது.

நான் சொல்ல வருவது இதுதான். திருமலையின் வரலாறு என்று எழுதப்பட்டதெல்லாம் கோட்டையில் யார் கொடி பறந்தது என்ற கதை. ஊர்ச்சனத்தின் கதை வேறு. எங்கள் ஊரின் மிக அழகான, மிக முக்கியமான இடங்கள் எல்லாவற்றுக்கும் ஒரு கேற் இருக்கிறது, அந்தக் கேற்றில் எப்போதும் ஒரு காவல்காரன் நிற்கிறான், நாங்கள் தலைமுறை தலைமுறையாக அந்தக் கேற்றுக்கு வெளியே வீடு கட்டி, கடை போட்டு, வலை இழுத்து, பிள்ளை பெற்று வாழ்ந்திருக்கிறோம். டவுனின் குணம் அதிலிருந்துதான் வந்தது என்பது என் எண்ணம்.

கோட்டையிலிருந்தே தொடங்கலாம். அந்த மலைமுனை கோயிலுக்குச் சொந்தம். ஏழாம் நூற்றாண்டில் சம்பந்தர் இங்கே வராமலே, கடல் முத்துக்களை வாரிக் கரையில் கொழிக்கிற கோணமாமலை என்று பதிகம் பாடினார். 1620களில் போர்த்துக்கேயத் தளபதி கொன்ஸ்தந்தீனு த சா கோயிலை இடித்தான், அந்தக் கற்களையே எடுத்துக் கோட்டை கட்டினான். இன்றைக்கும் கோட்டை வாசலால் நுழையும்போது நின்று பார்த்தீர்களென்றால் வாசல் கல்லில் இரட்டை மீன் சின்னமும் தமிழ்க் கல்வெட்டின் துண்டும் தெரியும். குளக்கோட்டன் மன்னன் செய்த திருப்பணியைப் பின்னாளில் பறங்கி வந்து பிடிப்பான் என்று தொடங்கும் அந்த வரிகளை ஊரில் கிழவர்கள் மனப்பாடமாகச் சொல்வார்கள். எனக்கு அந்தக் கல்லைக் கடக்கும்போதெல்லாம் கையால் ஒரு தடவை தொட்டுவிட்டுப் போக வேண்டும்.

அதற்குப் பிறகு நடந்ததை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். 1639இல் ஒல்லாந்தர், அதாவது டச்சுக்காரர், கண்டி அரசன் இரண்டாம் இராஜசிங்கனோடு சேர்ந்து போர்த்துக்கேயரை விரட்டினார்கள். 1672இல் பிரெஞ்சுக்காரர் வந்து கால் ஊன்றப் பார்த்தார்கள், ஒல்லாந்தர் விடவில்லை. எதிரே குடாவுக்கு அப்பால் கொட்டியாரத்தில், அதாவது இன்றைய மூதூர்ப் பக்கம், 1660இல் கரையிறங்கிய ஆங்கிலேய மாலுமி ரொபர்ட் நொக்ஸ் கண்டி அரசனின் ஆட்களிடம் பிடிபட்டு 19 வருடம் திரும்பிப் போக முடியாமல் கிடந்தது தெரிந்த கதை.

ஆனால் 1782ஐ அப்படி வேகமாகக் கடந்துபோக எனக்கு மனம் வரவில்லை. அந்த ஒரு வருடத்தை நினைத்துப் பாருங்கள். புதுவருடம் பிறக்கும்போது கோட்டை ஒல்லாந்தரிடம். ஜனவரியிலேயே ஆங்கிலேயர் வந்து கோட்டையையும், துறைமுக வாயைக் காக்கிற ஒஸ்ரன்பேர்க் கோட்டையையும் பிடித்தார்கள். ஓகஸ்ட் கடைசியில் பிரெஞ்சுத் தளபதி சுஃப்ரேன் வந்து ஆங்கிலேயரிடமிருந்து பறித்தான். செப்டெம்பர் 3ஆம் திகதி ஊருக்கு வெளியே கடலில் இரண்டு கப்பற்படைகளும் நாள் முழுக்க அடிபட்டன. அப்புறம் சமாதானம் பேசி, திரும்பவும் ஒல்லாந்தரிடமே கொடுத்துவிட்டுப் போனார்கள். ஜனவரிக்கும் செப்டெம்பருக்கும் இடையில் மூன்று கொடி! அந்த வருடமும் தென்மேற்கிலிருந்து கச்சான் காற்று வீசியிருக்கும், மீன் பட்டிருக்கும், யாரோ ஒருத்தி கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு கோட்டை வாசலில் போய், போன மாதம் இருந்த காவல்காரனுக்குப் பதிலாக வேறு சட்டை போட்ட ஒருவனிடம் மீன் விலை சொல்லியிருப்பாள் என்றுதான் நான் நினைக்கிறேன். தளபதிகளின் பெயர்கள் எல்லாம் புத்தகத்தில் இருக்கின்றன. எனக்கு அவளைப் பற்றித்தான் தெரிய ஆசை.

1795இல் ஆங்கிலேயர் திரும்ப வந்து இந்தத் தடவை நிலையாக இருந்துவிட்டார்கள். 1803இல் கோட்டைக்கு யோர்க் கோமகனின் பெயரை வைத்து பிரெட்ரிக் கோட்டை ஆக்கினார்கள். பின்னாளில் வெலிங்டன் பிரபு ஆகி நெப்போலியனைத் தோற்கடித்த ஆர்தர் வெல்லெஸ்லி 1800இன் கடைசியில் இங்கே படையோடு வந்து தங்கியிருக்கிறான், அவன் இருந்ததாகச் சொல்லும் வீடு இன்றும் கோட்டைக்குள் நிற்கிறது, கோயிலுக்குப் போகிற வழியில் பார்க்கலாம். கோட்டை இன்றும் இராணுவ முகாம்தான். கோயிலுக்குப் போகிற ஒவ்வொருவரும் அந்த முகாமுக்குள்ளால்தான் நடந்து போக வேண்டும். போர்க்காலத்தில் அடையாள அட்டையைக் காட்டி, பையைத் திறந்து காட்டி, வரிசையில் நின்று சாமி கும்பிடப் போனவர்கள் நாங்கள். அர்ச்சனைத் தட்டில் இருக்கும் தேங்காயைக்கூடச் சிப்பாய் உருட்டிப் பார்ப்பான்.

கோட்டைக்கு முன்னால் ஒரு பெரிய வெளி இருக்கிறது. பழைய ஆக்கள் எஸ்பிளனேட் என்பார்கள், மக்கெய்சர் விளையாட்டரங்கு அங்கேதான். கோட்டைப் பீரங்கிகளுக்கு முன்னால் மறைப்பு எதுவும் இருக்கக் கூடாது என்பது அந்தக் காலத்து விதி, அதனால் கோட்டைகளுக்குப் பக்கத்தில் வீடு கட்ட விடமாட்டார்கள். பீரங்கிக்காக வெறுமையாக விடப்பட்ட நிலத்தில் இன்று பெடியள் பந்து அடிக்கிறார்கள். பக்கத்தில் பத்திரகாளி அம்மன் கோயில். மேளமும் மணியும் ஒரு பக்கம், கோல் விழுந்த சத்தம் மறுபக்கம் என்று அந்த இடம் பின்னேரத்தில் கலகலவென்று இருக்கும், எனக்குத் தெரிந்து டவுனிலேயே உயிர் கூடிய இடம் அதுதான்.

மான்களைப் பற்றிச் சொல்லாவிட்டால் ஊர்க்காரர்கள் கோபிப்பார்கள். கோட்டைக்குள்ளும் வெளியிலும் புள்ளிமான்கள் கூட்டமாகத் திரிகின்றன. இரவில் தெருவிலே படுத்திருக்கும், பஸ் நிலையத்துப் பக்கம் வந்து மரக்கறிக் கழிவைத் தின்னும், யாராவது வாழைப்பழம் நீட்டினால் கிட்ட வந்து வாங்கும். வெளியூர்க்காரர் படம் எடுத்துச் சந்தோஷப்படுகிறார்கள். ஆனால் அவை பொலித்தீன் பையையும் சேர்த்துத் தின்று வயிறு ஊதிச் செத்துப்போவதை நாங்கள் பார்க்கிறோம். தயவுசெய்து சாப்பாட்டுப் பார்சலை அப்படியே எறிந்துவிட்டுப் போகாதீர்கள். இதைக் கெஞ்சித்தான் கேட்கிறேன்.

அந்த வெளிக்குப் பக்கத்தில், டொக்யார்ட் வீதியில், ஒரு பழைய ஆங்கிலேய இடுகாடு இருக்கிறது. புல் மண்டிக் கிடக்கும். அதற்குள் சார்ள்ஸ் ஒஸ்டின் என்ற கடற்படை அதிகாரியின் கல்லறை இருக்கிறது, 1852இல் பர்மாவில் போர் நடக்கும்போது வாந்திபேதியில் இறந்தவர். இவர் ஆங்கில நாவலாசிரியை ஜேன் ஒஸ்டினின் தம்பி. அவருடைய புத்தகங்களைப் படித்துவிட்டு எங்கிருந்தெல்லாமோ ஆட்கள் வந்து தேடிக்கொண்டு திரிகிறார்கள், எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்கு அங்கே யார் கிடக்கிறார் என்றே தெரியாது. கல்லறைகளில் இருக்கிற வயதுகளைப் படித்தால் மனம் கனக்கும். இருபது, இருபத்திரண்டு. காய்ச்சலில் போன மாலுமிப் பையன்கள். துறைமுகத்தைப் பிடிக்கச் சொல்லி அனுப்பியவர்கள் ஒருவரும் இங்கே புதைக்கப்படவில்லை.

அந்த வீதியால் நேரே போனால் இரண்டாவது கேற். டொக்யார்ட். இப்போது இலங்கைக் கடற்படைத் தளம், முன்பு பிரித்தானிய அரச கடற்படையின் தளம். அம்மப்பா அங்கே பிற்றராக வேலை செய்தவர். வீட்டில் அவருடைய பாஸ் ஒரு தகரப் பெட்டிக்குள் நெடுங்காலம் கிடந்தது. பாஸ் இருந்தால்தான் உள்ளே போகலாம், வேலை முடிந்தால் வெளியே வந்துவிட வேண்டும். துறைமுகத்தின் மிக அழகான பக்கத்தை அம்மப்பா தினமும் பார்த்தார், அம்மம்மா வாழ்நாளில் ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை. இருவரும் இருந்தது அதிலிருந்து அரை மைல் தூரத்தில்!

அம்மம்மா சொல்லும் கதைகளில் முக்கியமானது 1942. பெப்ரவரியில் சிங்கப்பூர் விழுந்தபோது, பிரித்தானியருக்கு இந்தப் பக்கத்தில் இருந்த முக்கியமான தளங்களில் ஒன்று திருமலை. ஏப்ரல் 9ஆம் திகதி காலையில் ஜப்பானியக் கப்பல்களிலிருந்து விமானங்கள் வந்து துறைமுகத்திலும் சீனக்குடாவிலும் குண்டு போட்டன. ஒரு விமானம் எண்ணெய்த் தாங்கி ஒன்றின் மேலேயே போய் விழுந்தது, அது நாள்கணக்கில் எரிந்தது. அன்றைக்குத்தான் மட்டக்களப்புக்கு அப்பால் ஹேர்மிஸ் என்ற விமானந்தாங்கிக் கப்பலும் மூழ்கியது. டவுனில் இருந்த சனம் கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டு ஊரை விட்டுப் போனது. அம்மம்மாவின் குடும்பம் தம்பலகாமத்தில் சொந்தக்காரர் வீட்டுக்கு மாட்டுவண்டியில் போனதாம். "புகை மூண்டு நாளா அப்பிடியே நிண்டது பிள்ளை, பகலிலயும் விளக்குக் கொளுத்தினம்" என்பார். அவர் சொல்லும்போது நாங்கள் சின்னப்பிள்ளைகள், வெளியே எங்கள் காலத்துச் சண்டையின் ஷெல் சத்தம் கேட்டுக்கொண்டிருக்கும்.

ஜப்பானியர் திரும்பி வரவில்லை. போர் முடியும் வரைக்கும் துறைமுகம் கப்பல்களால் நிறைந்து கிடந்தது. 1944 ஓகஸ்டில் வேலியன்ட் என்ற பெரிய போர்க்கப்பலை ஏற்றி வைத்திருந்த மிதக்கும் தொட்டி பாரம் தாங்காமல் உடைந்து மூழ்கியது. அந்தத் தொட்டி இன்றும் கடலுக்கடியில் கிடக்கிறது, சுழியோடிகள் இறங்கிப் பார்க்கிறார்கள். சீனக்குடாவில் கட்டிய பெரிய எண்ணெய்த் தாங்கிகளில் 99 மிச்சம் நிற்கின்றன, பெரும்பாலானவை காட்டுக்குள் மரம் கொடி மூடி. அவற்றை யார் எடுப்பது என்று இந்தியாவும் கொழும்பும் வருடக்கணக்காகப் பேசி 2022 ஜனவரியில் ஒப்பந்தம் எழுதினார்கள். அந்தச் செய்தியையும் நாங்கள் பேப்பரில்தான் படித்தோம்.

1957இல் பிரித்தானியர் தளத்தை இலங்கையிடம் கொடுத்துவிட்டுப் போனார்கள். நாட்டுக்கு அது பெருமை. டவுனுக்கு அது வேலையும் போன வருடம். டொக்யார்டை நம்பித் தையற்கடை, சலவைக்கடை, சாப்பாட்டுக்கடை என்று எத்தனையோ குடும்பங்கள் இருந்தன. அம்மப்பாவுக்கு அதிர்ஷ்டம், கொழும்பில் வேலை கிடைத்து மாதம் ஒருமுறை வந்துபோனார். மற்றவர்கள் பலர் ஊரை விட்டே போய்விட்டார்கள்.

சரி, கேற்றுகளை விட்டுவிட்டு ஊருக்குள் வருவோம்.

டச்சு பேயை ஒட்டிப் போகிற டைக் வீதியில் இன்னும் சில பழைய வீடுகள் இருக்கின்றன. அகலமான விறாந்தை, மரத்தூண், பீலி ஓடு, உயரமான கூரை, காற்று புகுந்து போவதற்காகச் சாய்சட்டம் வைத்த ஜன்னல்கள். உப்புக்காற்று இரும்பைச் சும்மா விடாது, இரண்டு வருடத்தில் கேற் கம்பி உதிர்ந்துபோகும், ஆனால் சுண்ணாம்பு பூசிய அந்தச் சுவர்கள் நூறு வருடமாக நிற்கின்றன. ஒவ்வொன்றாக இடித்து ஹோட்டல் கட்டுகிறார்கள். கட்டுகிறவர்களைக் குறை சொல்லவில்லை, வெளிநாட்டில் இருக்கிற பிள்ளைகள் வித்தால் இங்கே இருக்கிற கிழவி என்ன செய்வாள். இருந்தாலும் ஒவ்வொரு விறாந்தை போகும்போதும் எனக்கு வயிறு எரிகிறது, ஏனென்றால் அந்த விறாந்தைகளில்தான் டவுன் கதைத்தது. பின்னேரம் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தால் கடற்கரைக்குப் போகிறவர் வருகிறவர் எல்லாரும் ஒரு வார்த்தை சொல்லாமல் போகமாட்டார்கள்.

கடற்கரையிலிருந்து உள்ளே போனால் மத்திய வீதி, பிரதான வீதி, குறுக்குத் தெருக்கள். பெரியகடைப் பள்ளிவாசலில் பாங்கு சொல்லும்போது சிவன் கோயிலில் மாலைப்பூசை நடந்துகொண்டிருக்கும். சென் மேரிஸ் தேவாலயமும் தூரம் இல்லை. ஒரே தெருவில் முஸ்லிம் நானாவின் புடவைக்கடை, பக்கத்தில் தமிழரின் நகைக்கடை, எதிரே சிங்கள முதலாளியின் பலசரக்குக்கடை. மூன்று பாஷையிலும் பேரம் பேசத் தெரியாதவர் இங்கே வியாபாரம் செய்ய முடியாது. விபுலாநந்த அடிகள் 1920களில் இங்கே இந்துக் கல்லூரிக்கு அதிபராக இருந்தவர். அவர் நடந்த தெருக்கள் இவை என்று எங்கள் தமிழ் ரீச்சர் வகுப்பில் சொன்ன நாளிலிருந்து அந்தப் பள்ளிக்கூட மதிலைப் பார்த்தால் எனக்கு ஒரு மரியாதை.

இந்தக் கலப்புக்குப் பாதிக் காரணம் கடல். கச்சான் வீசும் மாதங்களில், மே தொடங்கி செப்டெம்பர் வரைக்கும், மேற்குக் கரையில் கடல் கொந்தளிக்கும், எங்கள் பக்கம் அமைதியாகக் கிடக்கும். அப்போது நீர்கொழும்பு, சிலாபம் பக்கத்து மீனவர்கள் வள்ளமும் வலையும் குடும்பமுமாக வந்து கரையில் வாடி போட்டுத் தங்குவார்கள். வாடை தொடங்கினால் திரும்பிப் போய்விடுவார்கள். எத்தனையோ தலைமுறையாக இப்படி நடக்கிறது. அவர்களில் சிங்களம் பேசுகிறவரும் உண்டு, வீட்டில் தமிழ் பேசுகிறவரும் உண்டு, எங்கள் கரையில் பெண் எடுத்து இங்கேயே இருந்துவிட்டவர்களும் உண்டு. கரையைப் பங்கு போடுவதில் சண்டையும் வரும், அதையும் மறைக்கக் கூடாது.

பேக் பே பக்கம் திருக்கடலூரில் கரைவலை இழுப்பதைப் பார்த்தால் ஒரு மணிநேரம் போவது தெரியாது. வலையின் ஒரு நுனிக் கயிறு கரையில் இருக்கும், வள்ளம் மற்ற நுனியைக் கொண்டு கடலில் வளைத்துப் போட்டுவிட்டு வேறொரு இடத்தில் கரை சேரும், அப்புறம் இரண்டு பக்கமும் ஆட்கள் நின்று இழுத்துக்கொண்டே ஒருவரை ஒருவர் நோக்கி நகர்வார்கள். வலையின் மடி கரைக்கு வரும்போது சூடையும் நெத்தலியும் கீரியும் துடிக்கும், அதிர்ஷ்டம் இருந்தால் பாரைக் கூட்டமே அகப்படும். சூடையை வாங்கி அன்றைக்கே மஞ்சள் தூளும் உப்பும் போட்டுப் பொரித்து, பச்சை மிளகாய்ச் சொதியோடு சோறு சாப்பிட்டுப் பாருங்கள். ஐஸில் வைத்த மீனுக்கு அந்த ருசி வராது, எந்தச் சமையல்காரர் சமைத்தாலும்.

உட்துறைமுகப் பக்கம் வேறு உலகம். மூதூருக்கு லோஞ்ச், அதாவது மோட்டார்ப் படகு, போகும் இறங்குதுறை அங்கேதான். பாலம் வருமுன் தரைவழியால் போவதென்றால் மகாவலி கங்கையையும் கழிகளையும் கடக்க வேண்டியிருந்தது, கிண்ணியாவில் பாதையில், அதாவது வாகனம் ஏற்றும் மிதவையில், ஏறக் காத்துக் கிடக்க வேண்டியிருந்தது. லோஞ்ச் என்றால் குடாவைக் குறுக்கே வெட்டிக்கொண்டு நேரே போய்விடும். காலையில் மூதூரிலிருந்து வரும் லோஞ்சில் தயிர்ச்சட்டி, விறகு, நண்டு, ஆஸ்பத்திரிக்கு வருகிற நோயாளி, அரசாங்க அலுவலாகக் கச்சேரிக்கு வருகிற ஆள், பள்ளிக்கூடத்துப் பிள்ளை என்று எல்லாம் ஒன்றாக வந்து இறங்கும். இறங்குதுறையைச் சுற்றித் தேநீர்க்கடைகள். 2009இல் கிண்ணியாப் பாலம் திறந்தார்கள், 396 மீற்றர், அந்த நேரம் நாட்டிலேயே நீளமானது. மூதூர், கிண்ணியாச் சனத்துக்கு அது பெரிய விடிவு, இரவில் பிரசவ வலி வந்தால் என்ன செய்வது என்ற பயம் போனது. இறங்குதுறையின் ஆரவாரமும் அதோடு குறைந்தது. இரண்டையும் சொல்ல வேண்டும்.

சிவராத்திரி முடிந்த கையோடு கோணேசர் கோட்டையை விட்டு வெளியே வருவார். நகர்வலம். வீதிக்கு வீதி நிறைகுடம் வைத்து, தோரணம் கட்டி, கோலம் போட்டு, இரவு முழுக்கச் சனம் தூங்காமல் காத்திருக்கும், சாமி எங்கள் சந்திக்கு எத்தனை மணிக்கு வரும் என்பதுதான் அந்த நாட்களில் ஊரின் ஒரே கதை. கோயில் இடிபட்டு மூன்று நூற்றாண்டுக்கும் மேல் அந்த மலையில் கோபுரம் இருக்கவில்லை. 1950இல் கிணறு வெட்டும்போது பழைய வெண்கலத் திருவுருவங்கள் மண்ணுக்குள்ளிருந்து வெளிவந்தன, பறங்கிக்குப் பயந்து யாரோ புதைத்து வைத்தவை. 1963இல் புதுக்கோயிலுக்குக் கும்பாபிஷேகம் நடந்தது. எங்களை உள்ளே விடுவதற்குப் பாஸ் கேட்ட கேற்றால் சாமி பாஸ் இல்லாமல் வெளியே வந்து எங்கள் வீட்டு வாசலில் நிற்கிறார் என்று அம்மம்மா சொல்லிச் சொல்லிக் கண் கலங்குவார். எனக்கும் அந்த இரவுகளில்தான் இந்த ஊர் முழுமையாக எங்களுடையது என்ற எண்ணம் வரும்.

எழுதக் கஷ்டமான பகுதி ஒன்று இருக்கிறது, அதை விட்டுவிட்டு இந்த டவுனைப் பற்றி எழுதுவது பொய் ஆகிவிடும். 1957 பெப்ரவரி 4ஆம் திகதி, சுதந்திர தினத்தன்று, சந்தைக்கு முன்னால் இருக்கும் மணிக்கூட்டுக் கோபுரத்தில் கறுப்புக்கொடி கட்ட ஏறிய நடராசன் சுடப்பட்டு இறந்தார். அதற்கு முந்திய ஓகஸ்டில்தான் தமிழரசுக் கட்சி இங்கே மாநாடு கூட்டி சமஷ்டி, அதாவது கூட்டாட்சி, கேட்டது. அதன் பிறகு கலவரங்கள், எரிந்த கடைகள், அகதி முகாம்கள், இந்தியாவுக்கு வள்ளம் ஏறியவர்கள். 2004 டிசம்பர் 26இல் கடல் உள்ளே வந்தது. கிண்ணியாவிலும் மூதூரிலும் அது செய்த அழிவு டவுனில் நடந்ததைவிடப் பெரிது. ஒரு வருடம் கழித்து, 2006 ஜனவரி 2ஆம் திகதி பின்னேரம், டச்சு பேயில் காந்தி சிலைக்குப் பக்கத்தில் கதைத்துக்கொண்டிருந்த மாணவர்கள் ஐந்து பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். நாங்கள் எல்லாரும் பின்னேரத்தில் போய் உட்காருகிற இடம். கடலைக்காரர் நிற்கிற இடம். விசேட அதிரடிப்படையினர் உட்பட 13 பேர் மீது வழக்கு நடந்தது, 2019 ஜூலையில் சாட்சி போதாது என்று அனைவரையும் விடுவித்தார்கள். பெற்றோரில் சிலர் நாட்டை விட்டே போக வேண்டி வந்தது. அதற்குப் பிறகு நெடுங்காலம் பொழுதுபட்டால் அந்தக் கடற்கரையில் ஆள் இருக்காது. இப்போது சனம் திரும்ப வருகிறது, பிள்ளைகள் பட்டம் விடுகிறார்கள், இறால் வடைக் கடையில் கூட்டம் நிற்கிறது. நான் இன்னும் அந்தச் சிலையைத் தாண்டும்போது நடையைக் குறைத்துக்கொள்கிறேன். பக்கத்தில் வருகிற சின்னவர்களுக்கு என்ன நடந்தது என்று சொல்லியும் வைக்கிறேன்.

இந்த டவுனுக்கு என்ன வேண்டும் என்று என்னைக் கேட்டால், டச்சு பேக் கரையில் ஒரு அடி நிலத்தைக்கூட இனி யாருக்கும் வேலி போட விடக் கூடாது என்பேன். ஒஸ்ரன்பேர்க் கோட்டையை, அந்த மேட்டிலிருந்து முழுத் துறைமுகமும் தெரியுமாம், ஊர்ப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் எந்தச் சிபாரிசும் இல்லாமல் போய்ப் பார்க்க வேண்டும். மிச்சமிருக்கும் விறாந்தை வீடுகளில் நான்கையாவது நகரசபை வாங்கி நூலகமோ சங்கீத வகுப்போ நடத்த வேண்டும். இதெல்லாம் நடக்கக் கூடியதுதான், பெரிய காசு தேவையில்லை.

அடுத்த தடவை வருகிறவர்கள் ஒரு காலையை டவுனுக்கு ஒதுக்குங்கள். விடியும் முன்பே காந்தி சிலையடிக்கு வந்துவிடுங்கள். சூரியன் எழும்பிய பிறகு கோட்டை வாசலுக்கு நடந்து இரட்டை மீனைப் பாருங்கள், கோணேசரைக் கும்பிட்டுவிட்டு வெளியே வந்து பத்திரகாளி அம்மன் கோயில், ஒஸ்டினின் கல்லறை, டைக் வீதி என்று ஒரு சுற்று. மத்திய வீதியில் தேநீரும் ரொட்டியும் சாப்பிட்டுவிட்டு மணிக்கூட்டுக் கோபுரத்தால் மீன் சந்தைக்குப் போங்கள், பத்து மணிக்குள் போனால்தான் நல்ல மீன். கடைசியில் உட்துறைமுக வீதி. வெள்ளிக்கிழமை என்றால் அம்மன் கோயிலடியில் வாகனம் நிறுத்த இடம் கிடைக்காது, அதனால் வானை எங்காவது தள்ளி விட்டுவிட்டு நடந்தே வாருங்கள். மான்களுக்குக் கொடுக்க வேண்டும் போலிருந்தால் வெறும் வாழைப்பழம் மட்டும், பையை நீங்களே கொண்டு போய்விடுங்கள்.